வெண்ணிலா டாக்கீஸின் மழை

மரக்காணம்,
ஞாயிறு காலை

அன்பு மகன் ஷஃபிக்கு அம்மா எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ்வின் கிருபையால் அத்தாவும் நானும் சுகம், அந்தச் சுகம் ஷார்ஜாவில் உன் அறை வரைக்கும் வந்து சேரட்டும். தினமும் போனில் பேசுகிறவள் எதற்குக் கடிதம் எழுதுகிறாள் என்று பயந்துவிடாதே, கோபித்தும் கொள்ளாதே. போனில் எனக்குச் சாப்பிட்டாயா தூங்கினாயா என்பதற்கு மேல் வாய் வராது, உனக்கே தெரியும். தபாலில் படித்து பி.ஏ. வரலாறு வாங்கி இரண்டு வீட்டிலும் முதல் பட்டதாரி என்று பெயர் எடுத்த பிறகும் அப்படியேதான் இருக்கிறேன். கூனிமேட்டு முஸ்கான் அவள் கணவரிடம் ஷார்ஜா போகிறாள், அவளிடம் கருவாடும் இட்லிப் பொடியும் கொடுத்திருக்கிறேன், நடுவில் இதையும் வைத்துவிட்டேன். வாசம் அடித்தால் பொறுத்துக்கொள்.

அத்தாவுக்குச் சர்க்கரை கொஞ்சம் ஏறி இறங்குகிறது, டீயை மட்டும் விடமாட்டேன் என்கிறார். நம் கடைக்கு எதிரே வெண்ணிலா டாக்கீஸை இடிக்கிறார்கள். நீ பார்த்ததெல்லாம் பூட்டின கேட்டைத்தான், நானும் உள்ளே போனதில்லை. பக்கத்துச் சுவர் விழுந்ததும் கடையில் இருந்தபடியே எல்லாம் தெரிந்தது. முன்னால் உட்காரும் இடம் வெறும் மணல், பின்னால் உப்புக்காற்று தின்ற இரும்பு நாற்காலிகள். கூரைத் தகரத்துக்கு அடியில் சத்தம் வராமலிருக்க ஓலைப்பாய் அடித்திருக்கிறார்கள், ஆனால் வாசல் பக்கம் ஒரு வரிசை மட்டும் பாயே இல்லாமல் வெறும் தகரம். பிய்ந்து விழுந்த மாதிரியும் இல்லை, ஆணி அடித்த தடமே கிடையாது. வேண்டுமென்றே விட்டது. ஏன் என்று இரண்டு நாள் அதே யோசனை.

கல் சுமக்க வந்த பூவிழி கடைக்குத் தண்ணீர் கேட்டு வந்தபோது தைரியம் வந்து கேட்டுவிட்டேன். சின்ன வயதில் உப்பளத்தில் வேலை செய்தவள். “அது எங்களுக்குன்னு உட்டதும்மா. தகரத்துல ஒரு சொட்டு உழுந்தா காதுல கேக்கணும்ல. படத்துல தாலி கட்டினு இருப்பான், இங்க பாதி கொட்டகை எழுந்து அளத்துக்கு ஓடும், உப்பு மேல ஓலை போட” என்றாள். பாதிப் படம் போய்விடுமே என்றேன். “மறுநாளு வந்து கேட்டுல மழைன்னு சொன்னா கேட்டுக்காரரு வெங்கடாசலம் உள்ள உட்டுருவாரு. டிக்கெட்டு கேக்கமாட்டாரு. எங்க ஆளு ஒருத்தன் சித்திரை வெயில்ல வந்து நின்னுனு மழைன்னான், அவனையும் உட்டாரே” என்று சிரித்தாள்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை, பழைய ஒரு நாள் ஞாபகம் வந்துவிட்டது. கல்யாணமான புதிதில் ஒருமுறை கோபித்துக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போனேன். திரும்பி வந்து வாசலில் என்ன சொல்வதென்று தெரியாமல் நின்றபோது உன் தாத்தா, “மழைன்னு சொல்லிட்டு உள்ள வாம்மா” என்றார். நான் நிமிர்ந்து வானத்தைப் பார்த்தேன், ஒரு மேகம் இல்லை. கேலி செய்கிறார் என்று அன்றைக்கு முழுக்க அழுதேன். நான் பிறந்த கூனிமேட்டில் அந்தப் பேச்சு கிடையாது, யாரிடமும் கேட்கவும் வெட்கம். அவர் மவுத்தாகி அடக்கமான பிறகு இப்போதுதான் புரிகிறது, எதற்குப் போனாய் என்று கேட்கமாட்டோம் என்றுதான் சொல்லியிருக்கிறார்.

ராத்திரி சாப்பாட்டின்போது அத்தாவிடம் இதைச் சொன்னேன். “நானே வெயில்ல மழைன்னு சொல்லி உள்ள போயிருக்கறேன்” என்றார். நீ அவரிடம் சலாம்கூடச் சொல்லாமல் விமானம் ஏறின பிறகு அவர் அப்படிச் சிரித்து நான் பார்க்கவில்லை. அந்த வெங்கடாசலத்துக்குப் பொய் என்று தெரியாதா என்றேன். “தெரியாம என்ன. கேட்டா மறுபடி வரமாட்டான் இல்ல” என்றவர் அதற்குமேல் சாப்பிடவில்லை, தட்டிலேயே கையைக் கழுவிக்கொண்டு எழுந்துவிட்டார்.

வெயிலில் வேலை செய்யும்போது தண்ணீர் குடி. பொடியை ஈரக் கரண்டியால் எடுக்காதே. தொழுகையை விடாதே. உன் சம்பாத்தியத்தில் பரக்கத் வேண்டி ஒவ்வொரு தொழுகையிலும் துஆ செய்கிறேன்.

ஷஃபி, போன லீவில் நீ புதுச்சேரி வரைக்கும் வந்து நண்பன் வீட்டில் தங்கிவிட்டுத் திரும்பிப் போனது எனக்குத் தெரியும். அத்தாவுக்கும் தெரியும். கடையை ஏற்று நடத்தாமல் மகன் வெளிநாடு போய்விட்டான் என்ற கோபம் அவருக்கு இருந்தது, நீ அங்கேயே நின்றுவிட்டாய் என்று கேட்ட அன்றைக்கு அது எங்கே போனதோ தெரியவில்லை. இந்த லீவுக்கு வீட்டுக்கு வா. மன்னிப்பு, விளக்கம் எதுவும் யோசித்துக்கொண்டு வராதே, அவருக்கும் என்னைப் போலப் பேச வராது. வாசலில் நின்று மழை என்று சொல். வானம் எப்படி இருந்தாலும் சரி.

உன் அம்மா,
சாயிரா