பெருமன்றில் அடியேன் தாங்களாக நின்ற செய்தி

வானம் தன் கடமை மறவாதிருக்க. வயல் தலை சாய்ந்து நிற்க. நெடுமதில் மாநகரின் ஒன்பது கோபுரங்களும் நிழல் குறையாது ஓங்குக. மருதவேலி நாட்டின் காவலரும், பன்னிரண்டு கோட்டைகளை வென்றவரும், வெல்ல இயலாத பதின்மூன்றாவதைப் பெருந்தன்மையோடு மன்னித்து விட்டவரும் ஆகிய அடலேறு நெடுங்கோப் பெருமானடிகளின் திருமுன்னர், மூத்த தூதன் வேங்கைமேட்டுப் பெருஞ்சாத்தன் ஏழ்வாயில் நகரிலிருந்து தாள் பணிந்து விடுக்கும் ஓலை. அரசியார் நலமாகுக. இளவரசர் மூவரும் நலமாகுக. பட்டத்து யானையின் வலக்காதுப் புண் இதற்குள் ஆறியிருக்கும் என்று நம்புகிறேன்.

அடியேன் உயிரோடிருக்கிறேன். இதை முதலிலேயே எழுதிவிடக் காரணம், பின்வரும் செய்திகளைக் கேட்டபின் இச்செய்தியில் தங்களுக்கு மகிழ்ச்சி குறையக்கூடும் என்பதே.

நம் நகரச் சந்தையில் தங்கள் திருவுருவை எள்ளி ஆடிக் காட்டிவிட்டு இந்நகருக்கு ஓடிவந்த விறலி அல்லியங்கோதையை மீட்டுக் கொணர்க என்றும், நாவறுக்கும் சடங்கு அதன்பின் நம் அரண்மனையில் நிகழும் என்றும் தாங்கள் பணித்தீர்கள். அடியேனும் பல்லக்கேறி, பல்லக்கு முறிந்தபின் கழுதையேறி, கழுதை மறுத்தபின் நடந்து, பதினெட்டாம் நாள் இங்கு வந்து சேர்ந்தேன். வந்த நாள் முதல் அடைந்த அதிர்ச்சிகளை வரிசையாக எழுதுகிறேன்.

இந்நகருக்கு ஏழு வாயில்கள், ஏழு தெருக்கள், ஏழும் வந்து விழுமிடம் ஒரு வெட்டவெளி. அதற்குப் பெருமன்று என்று பெயர். கூரையில்லை, மதிலில்லை, காவலில்லை. அரண்மனை எங்கே என்று வினவியபோது, அதோ அந்தப் பக்கம், ஆனால் அங்கே யாரும் இருக்கமாட்டார்கள் என்று மறுமொழி கிடைத்தது. இந்நாட்டு வேந்தர் வெண்டாரையர் மன்றில் மோர் வாங்க நிற்கும் வரிசையில் நான்காவதாக நின்றிருந்தார். அவருக்கு முன் நின்ற குயவர் தம் முதுகைச் சொறியும்படி அவரைக் கேட்டதையும், வேந்தர் சொறிந்ததையும் அடியேன் கண்ணால் கண்டேன். கண்ணில் புரை விழுந்திருப்பது உண்மைதான். ஆயினும் ஒரு கண்ணில் மட்டுமே.

நம் நகர் மன்றத்தின்மேல் தாங்கள் மூன்றாண்டுகளுக்கு முன் யானைக்கொட்டில் எழுப்பியருளிய நாள் முதல் நம் மக்கள் கூடிப் பேச இடமின்றி எவ்வளவு அடக்கமாக இருக்கிறார்கள் என்பதை எண்ணிப் பெருமை கொண்டேன். இங்கே அந்த அடக்கம் மருந்துக்கும் இல்லை. ஓர் ஆடு யாருடைய வேலியை முதலில் தின்றது என்பது பற்றி இரண்டு கிழவர் பதினோராண்டுகளாக மன்றில் வழக்காடுகின்றனர். ஆடு இறந்துவிட்டது. வேலிகள் இரண்டும் இல்லை. ஒருவர் மகனுக்கு மற்றவர் மகளைக் கொடுத்து, மணமேடையிலும் தாலி கட்டும் நேரம் மட்டும் நிறுத்தி வழக்கைத் தொடர்ந்தார்களாம். ஒருவன் மூன்று நாள் மன்றுக்கு வராவிட்டால் நான்காம் நாள் ஏழு தெருவிலிருந்தும் ஏழு பேர் போய் அவன் கதவைத் தட்டுகிறார்கள். தனிமையை விரும்பிய ஒரு சோதிடர் இதனாலேயே ஊரைவிட்டுப் போனார். போன இடத்தில் யாரும் கதவைத் தட்டாததால் திரும்பி வந்துவிட்டார்.

அடியேன் வேந்தர்முன் நின்று தங்கள் விருதுப் பெயர்களை முழங்கத் தொடங்கினேன். ஒன்பதாவது பெயரில் இருந்தபோது, வடக்குத் தெருவிலிருந்து ஒருத்தி ஓடிவந்து, கிணற்றுச் சுவர், என்று இரண்டே சொல் சொன்னாள். மூன்றாவது சொல் வருமுன் மன்றில் இருந்தவர்களில் பாதிப்பேர் எழுந்துவிட்டனர். கயிறு எடுத்தவர், கூடை எடுத்தவர், ஒன்றும் எடுக்காமல் ஓடியவர் எனத் தங்கள் பத்தாவது பெயரைக் கேட்க வேந்தரும் ஒரு நாயுமே எஞ்சினர். பிறகு வேந்தரும் ஓடினார். ஒரு பெரிய நாட்டின் தூதனுக்கு இழைத்த இந்த அவமதிப்பை அன்றே எழுதியிருப்பேன். அவர்கள் கிணற்றுக்குள்ளிருந்து இரண்டு குழந்தைகளை உயிரோடு எடுத்து வந்து மன்றின் நடுவில் கிடத்திவிட்டதால், அந்த ஆரவாரத்தில் எழுத்தாணி காணாமற்போனது.

மறுநாள் அடியேன் வழக்கை எடுத்துரைத்தேன். வேந்தர், தமக்கு இதில் அதிகாரமில்லை என்றும், மன்று கேட்டு முடிவு சொல்லும் என்றும் கூறிவிட்டு மோர் வரிசைக்குத் திரும்பினார். மன்று என்றால் யார் என்று வினவினேன். அன்று அங்கே யார் இருக்கிறார்களோ அவர்கள் என்றார். அன்று முன்வரிசையில் இருந்தவள் மோர் விற்கும் வெள்ளைச்சி என்னும் பெண்மணி. அவள் மொழி அரச ஓலையில் ஏறத் தகாதது. ஆயினும் சொன்னதைச் சொன்னபடியே எழுத வேண்டும் என்று மன்று பணித்திருப்பதால் எழுதுகிறேன்.

அவள் சொன்னது: “தூதய்யா, அந்தப் பொண்ணு என்ன தப்பு பண்ணுச்சுன்னு வாயால சொன்னா எங்களுக்கு எப்படி வெளங்கும்? நீங்களே பண்ணிக் காட்டுங்க. இங்க அதுதான் மொறை.”

விசாரித்ததில் இது உண்மையென அறிந்தேன். குற்றம் சாட்டுபவர் அக்குற்றத்தை மன்றின் நடுவில் தாமே செய்துகாட்ட வேண்டும். அண்டை வீட்டான் குறட்டையால் தூக்கம் கெட்டதென முறையிட்ட ஒருவர், குறட்டையைச் செய்துகாட்டப் படுத்து, இரண்டு நாள் எழாமல் உறங்கி, வழக்கில் தோற்றார் என்றார்கள். அடியேன் மறுத்தேன். மறுத்தால் வழக்கு விழும், அல்லியங்கோதை தன் நாவோடு இங்கேயே வாழ்வாள் என்றார்கள். தங்கள் கட்டளை நிறைவேற வேறு வழியில்லை. ஆகவே, பெருமானே, அடியேன் தாங்களாக நின்றேன்.

முதலில் தங்கள் நடையை நடந்தேன். ஓரமாக நின்ற அல்லியங்கோதை பொறுக்க மாட்டாமல் திருத்தினாள். “மொழங்கால் இன்னும் கொஞ்சம் மடங்கணும் அய்யா. அரசருக்கு அங்க வாதம்.” மடக்கினேன். பின்னர், சிம்மாசனத்தில் அமருமுன் திண்டு இருக்கிறதா என்று தாங்கள் திருக்கையால் மும்முறை பின்னே தடவிப் பார்த்தருளும் வழக்கத்தைச் செய்தேன். முதல் தடவலுக்கு மன்று சிரித்தது. இரண்டாவதற்கு வேந்தர் குனிந்து சிரித்ததில் மணிமுடி மோர்ப்பானைக்குள் விழுந்தது. வெள்ளைச்சி அதை அகப்பையால் எடுத்து, கறிவேப்பிலையைத் தட்டிவிட்டுக் கொடுத்தாள். மூன்றாவதற்கு வழக்காடும் கிழவர் இருவரும் ஒருவர் தோளில் ஒருவர் சாய்ந்தனர். எழுபத்தோராண்டு அகவையில் அடியேனுக்கு இத்தகைய திறமை இருந்தது தெரியாமற்போனது வருத்தமே.

அதன்பின் அவள் ஆட்டத்தின் நடுப்பகுதி. அதற்கு எதிரே மண்டியிட ஓர் ஆள் வேண்டும். அல்லியங்கோதையே வந்து மண்டியிட்டாள்.

இரண்டு கார்காலத்துக்கு முன் கரும்பாழி ஏரியின் காவலன் தித்தன் நம் அரசவைக்கு ஓடிவந்ததைத் தாங்கள் நினைவுகூரலாம். கூராமலும் இருக்கலாம். தித்தன் இவளுடைய தமையன் என்பதை அடியேன் இந்நகர் மன்றிலேதான் அறிந்தேன். அவள் தமையன் குரலில் தொடங்கினாள்.

“பெருமானே, கரும்பாழிக் கரையில...”

தாங்கள் அருளியபடியே அடியேன் அருளினேன்: “அறிவோம்.” மன்று சிரித்தது.

“கரையில வெடிப்பு விட்டிருக்கு, கை நொழையற அளவுக்கு...”

“அறிவோம்.” சிலர் சிரித்தனர்.

“கீழ பதினேழு வீடு, பெருமானே, அவங்களை மட்டுமாவது...”

“அறிவோம், அறிவோம். உண்டுவிட்டுப் போ.”

எவரும் சிரிக்கவில்லை. அடியேன் இன்னும் கையைத் திண்டின்மேல் வைத்தவாறே நின்றேன், அங்கே திண்டு இல்லாதபோதும்.

அந்த ஏரி என்னவாயிற்று என்று வெள்ளைச்சி கேட்டாள். இந்தக் கேள்வியை நம் அவையில் இன்றுவரை ஒருவரும் கேட்டதில்லை என்பதால் விடை ஆயத்தமாக இல்லை. உடைந்தது என்றேன். வீடுகள் என்றாள். பதினேழும் என்றேன். அந்த ஆள் என்றாள். உண்ணாமலே ஏரிக்குத் திரும்பினான், அவனுடைய தலைப்பாகை மட்டும் அடுத்த ஊர்ப் புளியமரக் கிளையில் அகப்பட்டது என்றேன். நம் நகரில் அவன் வேறு யாரிடம் சொல்லியிருக்கலாம் என்று ஒரு கிழவர் கேட்டார். முன்பாயிருந்தால் மன்றத்தில் சொல்லியிருப்பான் என்றும், அங்கே இப்போது யானைகள் நிற்கின்றன என்றும் தெரிவித்தேன். கிழவர், யானைகளிடம் சொல்லியிருந்தாலும் பயன் இருந்திருக்கும் என்றார். அவர் கேலியாகச் சொல்லவில்லை.

வெள்ளைச்சி மீண்டும் கேட்டாள். “அரசர் பக்கத்துல அப்ப யாரு நின்னா?”

பெருமானே, அடியேன் பொய்யுரைப்பதில் பழுத்தவன். இந்த ஓலையிலேயே ஒன்றிரண்டு இருக்கலாம். அன்று ஒன்றும் வாயில் வரவில்லை. நானே என்றேன்.

“அப்ப அதையும் பண்ணிக் காட்டுங்க.”

செய்துகாட்டினேன். தித்தன் வந்த அன்று அடியேன் வாய் நிறைய வெற்றிலை இருந்தது. பேசவேண்டுமானால் துப்பவேண்டும். படிக்கம் ஏந்தியவன் அவையின் மறுகோடியில் நின்றான். அரசர்முன் அவ்வளவு தூரம் நடந்துபோய்த் துப்பித் திரும்புவது முறையன்று. ஆகவே மென்றுகொண்டு நின்றேன். தித்தன் அடியேனை நோக்கினான், அடியேன் மென்றேன். அவன் போனான், அடியேன் மென்றேன். வெற்றிலையில்லாமல் அதையெல்லாம் மன்றின் நடுவில், அன்று நின்ற நேரம் முழுதும் நின்று செய்தேன். நாய்கூட எழுந்து போயிற்று.

அல்லியங்கோதை அப்போது சொன்ன சொல்லையும் உள்ளபடியே எழுதுகிறேன். “அய்யாவை என் ஆட்டத்துல நான் சேக்கலை. சேத்திருந்தா, ஒரு மனுசன் இப்படி நிப்பானான்னு சனம் நம்பாது.” அவள் அழவில்லை. அடியேனைப் பற்றி அவ்வளவு சொல்ல இயலாது.

மன்று கூறிய முடிவு இது. அல்லியங்கோதை ஆடிக் காட்டியது நடந்தது மட்டுமே, நடந்ததைக் காட்டுவது குற்றமாகாது, அவள் அனுப்பப்படமாட்டாள். முழங்காலைக் காட்டியது மட்டும் அதிகம். வாதம் யாருக்கும் வரும். அதற்கு அவள் மன்னிப்புக் கேட்கிறாள். நம் நகர் மன்றத்திலிருந்து யானைகள் வெளியேறி, அது முன்போல் வெறும் வெளியாகிற நாளில் அவள் தானே வந்து அங்கே ஆடுவாள். முன்வரிசையில் தாங்கள் அமர்ந்து இறுதிவரை காணவேண்டும். இது மன்றின் வேண்டுகோள். எழுபத்தோராண்டில் முதன்முறையாக, அடியேனின் வேண்டுகோளும் அதுவே. யானைகள் வடக்கு வெளியில் மகிழ்ந்திருக்கும். பட்டத்து யானையின் காதுப் புண்ணுக்கும் காற்று நல்லது.

அடியேனுக்கும் ஒரு தண்டனை விதிக்கப்பட்டது. வெற்றிலை விலக்கப்பட்டுள்ளது. நாள்தோறும் மன்றில் நின்று, கண்ணில் பட்டதை உரக்கச் சொல்லவேண்டும். நேற்று ஒருவர் வேட்டியில் தீப்பொறி பட்டதைச் சொன்னேன், அணைத்தார்கள். இன்று தெற்குத் தெருவில் ஒரு வண்டிச்சக்கரத்தின் கடையாணி கழன்றிருப்பதைச் சொன்னேன். சொன்னது ஒருவருக்குக் கேட்டது, அதுவே போதுமாயிற்று. வாய் ஒழிந்திருப்பதால் பேச்சு மிகுகிறது. இவ்வோலை நீண்டதற்கும் அதுவே காரணம்.

இவ்வோலை அனுப்பப்படுமுன் மன்றில் படிக்கப்பட்டது. இரண்டு திருத்தங்கள் செய்தனர். சிரித்தவர் தொகையை அடியேன் இருநூறென எழுதியிருந்தேன், முந்நூறு என்றனர், சண்டை வரவே தொகையை எடுத்துவிட்டேன். மோரில் கறிவேப்பிலை கிடந்ததை எழுதவேண்டும் என்று வெள்ளைச்சி வற்புறுத்தினாள், எழுதினேன்.

தாங்கள் அளித்த முத்திரை மோதிரத்தை மன்று பிணையாக வாங்கிக்கொண்டு வேப்பமரத்தில் கட்டித் தொங்கவிட்டிருப்பதால், அரக்கின்மேல் அடியேன் கட்டைவிரலே பதிந்துள்ளது. ஓலையைக் கொண்டுவருபவள் வெள்ளைச்சி. இதைத் திருமுன்னர் உரக்கப் படிப்பவளும் அவளே. அவளுக்குத் தீங்கு நேருமாயின் ஏழு தெருவும் புறப்பட்டு வரும் என்று வெண்டாரைய வேந்தர் தெரிவிக்கச் சொன்னார். எந்த வரிசையில் நின்று சொன்னார் என்பதை எழுதவேண்டியதில்லை.

அவளுக்கு இட்ட கட்டளை ஒன்றே. படிக்கும்போது இடையில் எங்கேனும், அறிவோம், என்னும் சொல் தங்கள் திருவாயில் பிறக்குமாயின், அந்த இடத்தோடு நிறுத்தி, ஓலையைச் சுருட்டி, தாங்கள் அதைச் சொன்ன விதத்தைக் கூர்ந்து பார்த்து, வந்து மன்றில் செய்துகாட்டவேண்டும்.

இவ்வரி வரையில் அவள் படித்திருப்பாளாயின், பெருமானே, தாங்கள் ஒரு செய்தியை முடிவுவரை கேட்டருளினீர்கள். தித்தன் சொல்ல வந்தது இதைவிடச் சிறியது.