பாட்டின் நடுவே ஒரு கப்பல்

ஞாயிற்றுக்கிழமை, இரவு பத்தரை.

பாரிசில் இருக்கும் ஒரு தமிழ் வானொலியில் இன்று, அக்காவோடு அங்கே இருக்கும் அத்தானின் பேட்டி. அம்மா குசினி வேலையைப் போட்டுவிட்டு வந்து, கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்து கேட்டா. பிரான்சுக்குப் போன புதிதில் சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவியதையும், கழுவிக்கொண்டே மெட்டுக் கட்டியதையும் அத்தான் உருகி உருகிச் சொன்னார். கோப்பை கழுவியது மட்டும் உண்மை. அவர் பெயரில் வந்த மெட்டுக்கள் எல்லாம் இந்த லிங்கநகர் அறையில் நான் போட்டு அனுப்பியவை.

"பாட்டின்ர நடுவில ஒரு ஊதல் சத்தம் வருதே, அது என்ன?" என்று அறிவிப்பாளர் கேட்டார்.

"அது எங்கட வீட்டுக்குப் பக்கத்து ஆத்தில போற படகு. அதைக் கேட்டுத்தான் மெட்டே வந்தது."

படகாம்! அது எங்கள் துறைமுகத்துக் கப்பல். நான் பதிவு செய்தபோது யன்னல் வழியாகப் புகுந்தது.

"என்ர மருமோன்ர மூளையைப் பார். நீயும் உப்பிடி ஒண்டு செய்யன்," என்றா அம்மா.

உண்மை வாய் வரை வந்துவிட்டது. பாட்டுகளால் பெயர் வந்த பிறகுதான் அத்தான் தன்னை அடிக்கக் கை நீட்டுவதில்லை என்று அக்கா எனக்கு மட்டும் சொல்லியிருக்கிறா. "ஓம்" என்றேன்.

சற்று முன் போனில் அக்காவின் குரல்பதிவு வந்தது. "தம்பி, அடுத்த மெட்டு வெள்ளிக்கு முன்னம் வேணுமாம். இந்தமுறை யன்னலைச் சாத்திப்போட்டுப் பதி, என்ன?"

சாத்திவிட்டேன். அறை அவிகிறது. மெட்டு வரவில்லை. கப்பல் மட்டும் இன்னும் கேட்கிறது.