மகளைக் கேட்டுக் கதவைத் திற

என் மகளைப் பெற்றவளுக்கு, உன் வீட்டுக்காரன் சொல்லச் சொல்ல இங்குள்ள டிரைவர் எழுதுவது. நான் நலம். உன் முழங்கால் வலி எப்படி? மகளின் கன்னத்து வீக்கம் வடிந்ததா?

இங்கே ஒரு சின்னக் கூத்து. நான் காவல் காக்கும் கட்டடத்தில் மனைவியை அடித்ததற்காக மேல்வீட்டுக்காரனைப் போலீஸ் பிடித்துப் போனது. மறுநாளே திரும்பி வந்து கேட்டில் நின்றான். இன்டர்காமில் அந்தப் பெண்ணைக் கேட்டேன். "விடாதீங்க ஐயா" என்றாள்.

"யோவ் கிழவா, அது என் வீடுய்யா!"

"இருக்கட்டும் தம்பி. உள்ள இருக்கிறவங்க வேணாம்னா கேட்டு திறக்காது."

சட்டையைப் பிடித்து உலுக்கினான். இரண்டு பட்டன் போனது, அவ்வளவுதான், பதறாதே. போலீஸைக் கூப்பிட்டதும் ஓடிவிட்டான்.

மாப்பிள்ளை பெரியவர்களோடு வருகிறார், மகளைத் திரும்ப அனுப்பட்டுமா என்று கேட்டிருக்கிறாய். போன வருடம் நெற்றிக் காயத்தோடு வந்து அலமாரி இடித்தது என்றாள். அதற்கு முன் மாடிப்படியில் விழுந்தேன் என்றாள். அந்த வீட்டுக்கு மாடியே கிடையாது! எனக்கு எதுவும் மறக்கவில்லை.

என்னைக் கேட்காதே, அவளைக் கேள். அவள் வேண்டாமென்றால் கதவைத் திறக்காதே. பெரியவர்கள் தெருவில் நின்றே பேசட்டும். மிரட்டினால் போலீஸைக் கூப்பிடு.

இரண்டு வெள்ளைப் பட்டன் அனுப்பு. ஊசியில் நூலைக் கோத்தே அனுப்பு. இங்கே கோத்துத் தர யாருமில்லை.

டிரைவருக்கு வண்டி எடுக்க நேரமாகிவிட்டது. ஊர் கேட்டால் என் தலையில் போடு: "அவ அப்பாதான் திறக்கக் கூடாதுன்னுட்டாரு." நன்றாகத் திட்டட்டும். இவ்வளவு தூரத்துக்குக் கேட்காது.