அரண்மனையில் ஏழாம் கதிரை

ஸ்டுட்கார்ட்
11.06.2024

அன்புள்ள பிளோறன்ஸ்,

நான் சுகம். வலது முழங்கால் மட்டும் மழை வருவதற்கு ஒரு நாள் முன்னரே சேதி சொல்லிவிடுகிறது. நீரும் மகன் சஞ்சயனும் பேரனும் ஹம்பேர்க்கில் சுகமாயிருப்பீர்கள் என்று நம்புகிறேன். நான் சொல்லச் சொல்லக் கொட்வின் தன் கடை மேசையில் வைத்து இதை எழுதுகிறான். ஆள் வந்தால் பேனையை வைத்துவிட்டுக் கறிவேப்பிலை நிறுக்கப் போவான். அதனால் எங்கேயாவது பேச்சு அறுந்து கிடந்தால் என் மறதி என்று நினைக்காதேயும். எனக்கு எழுத்து இல்லை; அதைப்போல மறதியும் இல்லை.

போன் இருக்கக் கடிதம் என்னத்துக்கு என்று கேட்பீர். போனில் "சாப்பிட்டீங்களோ" என்று கேட்டுவிட்டு உடனே சஞ்சயனிடம் கொடுத்துவிடுகிறீர். கடிதத்தை அப்படிக் கைமாற்ற ஏலாது.

சேதி இதுதான். ஞாயிற்றுக்கிழமை நான் அரண்மனைக்கு ஒப்பரா பார்க்கப் போனேன். சிரியும். சிரித்து முடித்துவிட்டு மிச்சத்தை வாசியும். நீர் இருபத்திரண்டு வருசம் தரை துடைத்த அதே அரண்மனை, அதே கண்ணாடி மண்டபம். அங்கே நெடுங்காலம் வேலை செய்தவர்களுக்கு ஒவ்வொரு கோடையும் இரண்டு இடம் அனுப்புகிறார்கள் அல்லவா, உம்முடைய பெயருக்கு அது இன்னும் இந்த வீட்டுக்குத்தான் வருகிறது. இவ்வளவு காலமும் மேசை லாச்சிக்குள் போட்டு வைத்தேன். இந்த முறை கொட்வினிடம் வாசிக்கக் கொடுத்தேன்.

அறுபது கதிரைதான். மேடை இல்லை. பாடுகிறவர்கள் கதிரைகளுக்கு நடுவாலே, எங்கள் காலை மிதிக்காத குறையாக நடந்து பாடுகிறார்கள். ஓர் உப்பு வியாபாரியின் மகள் படகோட்டி ஒருவனை நம்பி வீட்டைவிட்டுப் போகிறாள், அவன் வரவில்லை, இவள் காய்ச்சலில் சாகிறாள். டொச்சு மொழியில் பாடினார்கள். முக்கால்வாசி விளங்கியது. விளங்காத கால்வாசியும் அந்தப் பிள்ளையின் முகத்தில் இருந்தது.

கடைசியில் அவள் என் காலடியில் வந்து விழுந்தாள். என் கதிரைக் காலைப் பிடித்துக்கொண்டு "தண்ணீர், தண்ணீர்" என்று பாடுகிறாள். என்னுடைய பைக்குள் கொத்தமல்லித் தண்ணிப் போத்தல் இருக்கிறது. நான் என்ன செய்வேன்? மூடியைத் திறந்து, அதிலேயே ஊற்றி, நீட்டிவிட்டேன்.

வயலின்காரன் வில்லை அந்தரத்தில் பிடித்தபடி என்னைப் பார்க்கிறான். அந்தப் பிள்ளை ஒரு கணம் என் முகத்தைப் பார்த்தாள். பிறகு இரண்டு கையாலும் வாங்கி, முழுவதையும் குடித்து, மூடியைத் திருப்பித் தந்துவிட்டுச் செத்தாள். அப்படியொரு சாவு நான் கண்டதில்லை, பிளோறன்ஸ். பக்கத்தில் இருந்த மனிசி கண்ணைத் துடைத்தாள்.

பேசாலையில் பாஸ்கு நாடகம் நடந்தபோது, சிலுவையில் தொங்கிய ஆள் "தாகமாயிருக்கிறேன்" என்றதும் உம்முடைய பெரியம்மா செம்போடு எழும்பிப் போனா, ஞாபகமோ? வியாழக்கிழமை, எழுபத்திரண்டாம் ஆண்டு. அன்றைக்குச் சிரித்தவர்களில் நானும் ஒருவன். இப்போது அவவிடம் மன்னிப்புக் கேட்கவேண்டும் போலிருக்கிறது.

உம்மோடு வேலை செய்த லாராதான் இப்போது வாசலில் நிற்கிறாள். முடிந்ததும் ஓடிவந்தாள். என்னைப் பேசப்போகிறாள் என்று நினைத்தேன். பாடின பிள்ளை என்னைக் கடைசிக் காட்சி நடக்கிற ஞாயிறும் வரச்சொன்னாளாம், போத்தலோடு. யூலை பதினாலு, பின்னேரம் நாலு மணி. இரண்டு கதிரை ஒதுக்கித் தந்திருக்கிறாள். ஒன்று எனக்கு. மற்றதில் நீர் வந்து இருக்கவேண்டும்.

பேரன் பிறந்ததற்கு மூன்று மாதம் என்று சொல்லிப் போனீர். அவனுக்குப் பதினொரு வயதாகிவிட்டது. நான் இதுவரை வா என்று கேட்கவில்லை. இப்போது கேட்கிறேன்.

இப்படிக்கு,
பாவிலு


ஹம்பேர்க்
17.06.2024
மாதா துணை

சஞ்சயனின் அப்பாவுக்கு,

கடிதம் வந்தது. இங்கே எல்லாரும் சுகம். எனக்குப் பிரசர் கொஞ்சம் கூட; டொக்டர் உப்பைக் குறைக்கச் சொல்ல, மருமகள் யாமினி அதை நிப்பாட்டியே விட்டாள். உப்பு வியாபாரியின் மகளைப் பற்றி வாசிக்கவே எனக்கு நாக்கு ஊறியது.

சஞ்சயனுக்கு வாசித்துக் காட்டினேன். "அப்பாவை அரெஸ்ட் பண்ணேல்லையோ?" என்று கேட்டுச் சிரித்தான். நான் சிரிக்கவில்லை. அது எந்தப் போத்தல்? சிவப்பு மூடியென்றால் அது ஒழுகும். நான் மூன்று வாரம் மெழுகு பூசிய தரையில் கொத்தமல்லித் தண்ணி ஊற்றினீர்களோ?

ஒன்று கேட்கிறேன். இரண்டாயிரத்துப் பதினோராம் ஆண்டு அதே மண்டபத்தில் ஒப்பரா பார்க்க எனக்கும் உங்களுக்கும் இடம் தந்தார்கள். முதன்முதல் அந்தத் தரையில் துடைக்கிறவளாக இல்லாமல் பார்க்கிறவளாகப் போகிறேன் என்று நான் ஒரு மாதம் நித்திரை கொள்ளவில்லை. காலையில் கதிரை அடுக்கிவிட்டு அங்கேயே உடுப்பு மாற்றி, நாவல் நிறச் சேலையில் உங்களுக்காகக் காத்திருந்தேன். நீங்கள் வரவில்லை. வெறும் கதிரைக்குப் பக்கத்தில் இரண்டு மணித்தியாலம் இருந்தேன். வீட்டுக்கு வந்து கேட்க, "அது நரி ஊளை. எனக்கு ஏலாது" என்றீர்கள்.

அந்த நரி இப்போது எப்படிக் குயிலானது?

இதற்குப் பதில் வராமல் நான் ரயிலுக்கு இடம் பிடிக்கமாட்டேன். பழைய பதிலை அனுப்பவேண்டாம். அது என்னிடம் இருக்கிறது.

பிளோறன்ஸ்


ஸ்டுட்கார்ட்
20.06.2024

அன்புள்ள பிளோறன்ஸ்,

சிவப்பு மூடிதான். ஒரு துளியும் சிந்தவில்லை.

கொட்வினுக்கு முன்னால் சொல்லக் கூச்சமான கதை இது. அவனிடம் சொன்னேன். "அண்ணை, நான் கைதான், காது இல்லை" என்கிறான். அதனால் சொல்கிறேன்.

அன்றைக்கு நான் வந்தேன். கல்யாணக் கோட்டுப் போட்டுக்கொண்டு, மூன்று மணி நாற்பதுக்கு அரண்மனையில் அந்த மண்டப வாசலில் நின்றேன். எனக்கு முன்னால் பதினாலு பேர். நீர் காலையில் மேசையில் வைத்துவிட்டுப் போன அட்டை என் கையில். நான் வேலை செய்த தொழிற்சாலையில் வார்ப்படத்துக்குக் குத்துகிற இலக்கமெல்லாம் எனக்குப் பாடம், ஏழென்றால் ஏழு, எட்டென்றால் எட்டு. அந்த அட்டையில் எழுத்துத்தான் பெரிதாகக் கிடந்தது. வாசலில் நின்ற பொடியன் எந்த வரிசை என்று கேட்டான். நான் அட்டையைத் தூரப் பிடித்து, கிட்டப் பிடித்து, கண்ணாடி இல்லாத ஆள் மாதிரி நடித்தேன். அவன் மெல்ல என் கையிலிருந்து அதை வாங்கி, தலைகீழாக இருந்ததை நேரே திருப்பித் தந்தான். பின்னால் நின்ற இரண்டு பேர் சிரித்தார்கள். கெட்ட சிரிப்பு இல்லை. ஆனால் சிரிப்பு.

நான் திரும்பி நடந்தேன். ஸ்டேசன் வரைக்கும் நடந்தேன், பஸ் எடுக்கவில்லை. வீட்டுக்கு வந்து நரியைப் பிடித்தேன். நரிக்கு என்ன, அது மறுத்துப் பேசாது.

எனக்கு வாசிக்கத் தெரியாது என்பது உமக்குக் கல்யாணத்தன்றே தெரியும். வீட்டுக்கு வந்த கடிதம், அந்திராக் விண்ணப்பம், டொக்டர் தெர்மீன் எல்லாம் உம்முடைய கையால்தான் நடந்தது. உமக்கு முன்னால் எனக்கு வெட்கம் இருந்ததில்லை. உம்முடைய வேலையிடத்து ஆட்களுக்கு முன்னால், உமக்குப் பக்கத்தில் வந்து இருக்கிற ஆள் இவன்தானோ என்று அவர்கள் பார்க்கிறதுக்குத்தான் வெட்கம்.

நீர் போன பிறகு எனக்கு வேறு வழி இல்லை. மருந்துப் பெட்டியை நிறத்தால் படித்தேன். ரயிலை மேடையாலும் நேரத்தாலும் படித்தேன். அது ஏலாத இடத்தில் வாயைத் திறக்கப் பழகினேன். இந்த முறை வாசலில் லாரா வாயைத் திறக்க முன்னமே சொன்னேன்: "எனக்கு வாசிக்கத் தெரியாது. என்ரை கதிரையைக் காட்டுங்கோ." அவ்வளவுதான். அவள் என் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டுபோய் இருத்தினாள். ஒருவரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தாலும் இருந்திருப்பேன். இந்த ஒரு வசனத்துக்கு எனக்குப் பதின்மூன்று வருசம் பிடித்திருக்கிறது, பாரும்.

இதுதான் புதுப் பதில். இனி ரயிலுக்கு இடம் பிடியும்.

பாவிலு


ஹம்பேர்க்
25.06.2024
மாதா துணை

அன்புள்ள உங்களுக்கு,

கொட்வின் தம்பி, கடையில் ஆள் நின்றால் இதை மடித்து வைத்துவிட்டு, கதவைச் சாத்தின பிறகு இவருக்கு வாசியும்.

உங்கள் கடிதத்தை நான் சஞ்சயனுக்கு வாசித்துக் காட்டவில்லை. குளியலறையில் இருந்து இரண்டு முறை வாசித்தேன்.

பழைய பதில் வேண்டாம் என்று எழுதினேன் அல்லவா? அது பொய்யென்று எனக்கு அன்றைக்கே தெரியும். நீங்கள் வாசலில் நின்றதை நான் கண்டேன். கோட்டின் கைக்குட்டைப் பையில் மடித்த துணி வெளியே தெரிந்தது. அந்தப் பொடியன் அட்டையைத் திருப்பித் தந்ததையும் கண்டேன். நான் எழும்பி, பத்து அடி நடந்து, "இஞ்சாருங்கோ, இஞ்சை வாங்கோ" என்றிருந்தால் போதும். எனக்கு மற்றப் பக்கம் எங்கள் மேற்பார்வைக்காரி இருந்தாள். அந்த ஒரு நிமிசம் நான் எழும்பவில்லை. சுவர்க் கண்ணாடியைப் பார்க்கிற மாதிரி முகத்தைத் திருப்பிக்கொண்டேன். திரும்பிப் பார்க்க நீங்கள் இல்லை.

நீங்கள் நரி என்று சொன்னதும் எனக்கு வசதியாகப் போய்விட்டது. நரியைப் பிடித்துக்கொண்டு உங்களோடு சண்டை பிடிக்கலாம். மெய்யை எடுத்தால் என்னோடு நான் சண்டை பிடிக்கவேண்டும். இரண்டு வருசம் உங்களைக் குத்திக் குத்திப் பேசினேன். நீங்கள் பேசாமல் இருக்க இருக்க எனக்குக் கோபம் இன்னும் கூடியது. பேரன் பிறந்தது நல்ல சாட்டு. உங்களை விட்டு வரவில்லை. அந்த வாசலை விட்டு வந்தேன். இங்கேயும் அது என்னோடுதான் வந்தது.

எல்லாம் ஞாபகம் என்று பெருமை பேசுகிற உங்களுக்கு இது ஒன்றுதான் தெரியாமல் இருந்தது. இப்போது தெரிந்துவிட்டது. இதற்குப் பிறகும் அந்தக் கதிரை எனக்கென்றால் எழுதுங்கோ. கடிதம் வராவிட்டால் விளங்கிக்கொள்வேன், குறை நினைக்கமாட்டேன்.

பிளோறன்ஸ்


ஸ்டுட்கார்ட்
28.06.2024

அன்புள்ள பிளோறன்ஸ்,

கடிதம் நேற்றுப் பின்னேரம் வந்தது. கொட்வின் ஆறு மணிக்கே கடையைப் பூட்டிவிட்டு வாசித்தான். இப்போது எழுதுகிறபோது மூக்கைச் சீறுகிறான். மிளகாய்த் தூள் மூட்டை பிரித்தானாம்.

எனக்குத் தெரியாது என்று எழுதியிருக்கிறீர். தெரியும். நீர் முகத்தைத் திருப்புவதற்கு முதல் செய்த ஒன்றை எழுத மறந்துவிட்டீர். கறுப்புக் கைப்பை, வெள்ளிப் பூட்டு, சஞ்சயன் முதல் சம்பளத்தில் வாங்கித் தந்தது. உம்முடைய மடியில் இருந்தது. அதை எடுத்து எனக்கு வைத்த கதிரையில் வைத்தீர். அதைக் கண்ட பிறகுதான் நான் திரும்பினேன். இரண்டு பேர் சிரித்ததற்கெல்லாம் திரும்புகிற ஆளோ நான்?

பதின்மூன்று வருசமும் ஏன் சொல்லவில்லை என்று கேட்பீர். சொன்னால் நீர் அழுவீர். உம்மை அழவைப்பதைவிட நரியைச் சொல்லிப் பேச்சு வாங்குவது எனக்கு லேசாக இருந்தது. அது பிழை. இரண்டு பேரும் உண்மையை வைத்துக்கொண்டு ஒரு நரியை வளர்த்திருக்கிறோம். இனி அதை அவிழ்த்துவிடுவோம். மறக்க எனக்குத் தெரியாது; அது உமக்குத் தெரியும். ஆனால் கோபம் என்னிடம் இல்லை. தேடிப் பார்த்துத்தான் சொல்கிறேன்.

சனிக்கிழமை, பதின்மூன்றாம் திகதி வாரும். அங்கே மத்தியானம் எடுக்கிற ரயில் இங்கே பின்னேரம் ஐந்து நாற்பதுக்கு எட்டாம் மேடைக்கு வரும், நான் நிற்பேன். பிந்தினால் வீட்டுக்கு வாரும், பூட்டு மாற்றவில்லை. சாப்பாட்டுக்கு உப்புப் போடுவேன், அளவாக. போத்தலுக்குப் புது மூடி வாங்கிவிட்டேன்.

ஏழாவது கதிரை எனக்கு, எட்டாவது உமக்கு. வாசலில் அட்டையை நீர் காட்டவேண்டாம், நானே காட்டுகிறேன். தலைகீழாகப் பிடித்தால் தட்டிச் சொல்லும்.

கைப்பையையும் கொண்டுவாரும். இந்த முறை அதை என் மடியில் வையும்.

உம்முடைய,
பாவிலு