ஒட்டடைக் கம்பு

ஆகஸ்ட் 6, புதன். தெமோதரை.

டென்மார்க்கிலிருந்து படமெடுக்க வந்தவர்களுக்கு மொழிபெயர்க்கத்தான் போனேன். ஒலிப்பதிவு செய்யும் கிர்ஸ்டனுக்குத் தோள் பிடித்துக்கொண்டது. புசுபுசுவென்று உறை போட்ட மைக்கை நுனியில் மாட்டிய நீளக் கம்பை என்னிடம் கொடுத்துவிட்டாள். தேயிலைக் கொழுந்து பறித்துக்கொண்டிருந்த ராணியக்கா, "என்னடி, மலையில ஒட்டடை அடிக்க வந்துட்டியா?" என்றார். நிரையில் நின்ற எல்லாப் பெண்களும் சிரித்தார்கள். பதிவைக் கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன். கிர்ஸ்டன் கட்டைவிரலை உயர்த்தினாள். கேமரா முன்னால் அவர்கள் சிரித்தது இன்றைக்குத்தான்.

சாப்பிடும்போது கிர்ஸ்டன் தன் கதையைச் சொன்னாள். முதலில் படக்குழுவுக்கு வண்டி ஓட்டினாளாம். பிறகு சமையல், லைட், நடிகைகளுக்கு முடி அலங்காரம். தலை நரைத்த பிறகுதான் இந்த ஒலி வேலை. கடை, கார்மென்ட், டியூஷன் என்று நான் மாறியதை வெட்கத்தோடு சொன்னேன். "அடுத்தது என்ன?" என்று மட்டும் கேட்டாள்.

அம்மாவிடம் சொன்னேன். "ஒரு வேலையிலயும் நிலைக்க மாட்ட. இப்ப ஒட்டடைக் கம்பு வேறயா?"

கம்பு பிடிக்க நாளைக்குக் கொழும்பிலிருந்து ஆள் வருகிறானாம். அவன் முன்னால் ராணியக்கா வாய் திறக்க மாட்டார். வேலை எனக்குத்தான் வேண்டும் என்று காலையிலேயே இயக்குநரிடம் கேட்கப்போகிறேன். இதுவரை அவரிடம் மற்றவர்கள் பேச்சைத்தான் சொல்லியிருக்கிறேன். நாளைக்கு என் பேச்சு.