கோழிக் காலும் வாழைக்கன்றும்

என் ஆசை மச்சானுக்கு,

நேற்று விழுப்புரத்தில் அறிவியல் கண்காட்சி. நீ ஆறாம் வகுப்பில் பாடம் எடுத்த செல்வி இப்போது என்னிடம் பத்தாவது படிக்கிறாள். கோழிக் கால் எலும்பை அட்டையில் ஒட்டி, பக்கத்தில் டைனோசரின் புதைபடிவக் காலை வரைந்திருந்தாள். இரண்டிலும் முன்னால் மூன்று விரல். "எல்லா டைனோசரும் அழியலீங்க. பல்லும் றெக்கையுமா ஒண்ணு பாறையில கல்லாவே கெடச்சிருக்குது. அந்த வம்சந்தான் நம்ம ஊட்டாண்ட குப்பையக் கெளறிக்கினு இருக்குது" என்றாள்.

முதல் பரிசு. நடுவராக வந்த பேராசிரியர், "யாரும்மா சொல்லிக் குடுத்தது?" என்றார்.

"கோழி சாருங்க."

"அவருக்குப் பேரு இல்லையா?"

"தெரியாதுங்க. எல்லாரும் அப்டித்தான் சொல்லுவாங்க."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அந்தப் பெயரை வைத்தவனே நான்தானே.

எண்பத்தைந்தில் திண்டிவனத்தில் இருவருக்கும் ஒரே பள்ளியில் வேலை. மெஸ்ஸில் தின்ற கோழியின் எலும்பைக் கழுவி எடுத்துக்கொண்டு நீ வகுப்புக்குப் போவாய். பிள்ளைகள் உன் பின்னாலேயே சுற்றினார்கள். எனக்கு வயிறு எரிந்தது. ஆசிரியர் அறையில் ஒரு நாள் அந்தப் பெயரை எடுத்துவிட்டேன். மத்தியானத்துக்குள் பள்ளி முழுக்கப் பரவிவிட்டது.

அதோடு விட்டேனா? முகையூரிலிருந்து பெண் வீட்டார் உன்னைப் பற்றி விசாரிக்க என்னிடம்தான் வந்தார்கள். "நல்ல பையன்தாங்க. ஆனா கோழி எலும்ப வெச்சிக்கினு தானாப் பேசிக்கினு இருப்பான், பாத்துக்குங்க" என்றேன். டீயைக்கூட முழுசாகக் குடிக்காமல் எழுந்துவிட்டார்கள். கோழியும் டைனோசர் வம்சம்தான் என்று நீ சொன்னது சரி என்று எனக்கு அன்றைக்கே தெரியும் மச்சான். நீ படித்த புத்தகத்தைத்தான் நானும் படித்திருந்தேன்.

அதற்குப் பிறகு உனக்கு ஒரு இடமும் அமையவில்லை. போன வருஷம் காமாலையில் நீ போனபோது, கல்யாணமாகாத கட்டை அப்படியே போகக் கூடாது என்று, நம் வழக்கப்படி வாழைக்கன்றுக்குத் தாலி கட்ட வைத்தார்கள். உன் அம்மா, என் அத்தை, என்னைத்தான் கூப்பிட்டாள். "நீ புடிடா அவன் கைய. உன்ன விட்டா அவனுக்கு யாரு இருக்குறா?"

பிடித்தேன். உன் விரல்கள் விறைத்துப்போய் மடங்கவே இல்லை. முடிச்சை நான்தான் போட்டேன்.

பரிசுச் சான்றிதழில் 'வழிகாட்டிய ஆசிரியர்' என்ற இடம் காலியாக இருக்கிறது. திங்கட்கிழமை நான் நிரப்பித் தர வேண்டும். இப்போதும் என் பெயரை எழுதத்தான் கை போகிறது, உன்னிடம் மறைத்து என்ன ஆகப்போகிறது? எழுத மாட்டேன். ஏழுமலை, பி.எஸ்ஸி., பி.எட். என்று எழுதுவேன். கோழி சார் என்று கூப்பிட வைத்தது யார் என்பதையும் செல்வியிடம் சொல்வேன். அத்தையிடம் என்ன சொல்வது?

உன் கையைப் பிடித்து வாழைக்கன்றுக்குத் தாலி கட்டிய
மாமன் மகன்