எங்கள் விட்டத்தை நம்பித் தொங்கும் கிட்டங்கிக் கப்பி

அனுப்புநர்:
ஜே. கிரேசி,
க/பெ. ஜேசுபாதம்,
மாடி வீடு, நிலாவாரைக் கிட்டங்கிச் சந்து,
தூத்துக்குடி.

பெறுநர்:
நகராட்சி ஆணையாளர் அவர்கள்,
தூத்துக்குடி.

பொருள்: பக்கத்துக் கிட்டங்கியில் பளு தூக்கும் கப்பியை எங்கள் கூரையின் பிடிப்பில் மாட்டியிருப்பது – உயிராபத்து – உடனே பார்வையிடக் கோருதல்.

மதிப்பிற்குரிய ஐயா அவர்களுக்கு,

1. மேற்படி விலாசத்தில் மாடியில் ஒரே அறையில் நானும் கணவரும் குடியிருக்கிறோம். பள்ளி ஆசிரியராக இருந்த அவர் பக்கவாதத்தில் படுத்துவிட்டார். அவரைப் படியிறக்க நாலு ஆள் வேண்டும்.

2. எங்கள் சுவரை ஒட்டி வன்னியபெருமாள் அண்ணாச்சி நிலாவாரைச் சரக்கு அடுக்கும் கிட்டங்கி இருக்கிறது. மருந்துக்கு ஏற்றுமதியாகும் அந்த இலையை அமுக்கிக் கட்டிய பேல்களை மேல்மாடிக்கு ஏற்றக் கப்பி மாட்டியிருக்கிறார்கள். கப்பி தொங்கும் பனை உத்தரத்தின் ஒரு முனை அவர்கள் முற்றத்துக்கு மேலே நீட்டியிருக்கிறது. மறுமுனை எங்கள் அறைக்குள் இருக்கிறது. சென்ற ஆவணியில் நான் கணவரோடு ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, சுவரைத் துளைத்து எங்கள் ஓட்டுக் கூரையின் விட்டத்துக்கு அடியில் செருகிவிட்டார்கள். அங்கே பேல் தொங்கினால் இங்கே இந்த முனை எம்புகிறது. அதை அமுக்கிப் பிடித்திருப்பது எங்கள் விட்டம் ஒன்றுதான். தாங்கள் நம்பமாட்டீர்கள், பேல் ஏறும்போது என் வீட்டுக் கூரையும் கூடவே எழும்புகிறது. விலகிய ஓடுகள் வழியே ஐப்பசி மழை முழுவதும் கட்டிலில் ஒழுகியது.

3. அண்ணாச்சியிடம் முறையிட்டேன். "ஏம்மா, அந்தக் கட்ட ஒங்கள என்ன செய்யுது? பூச போட்டு மாட்டுன கப்பில்லா, ஒண்ணும் ஆவாது" என்றார். பூசையில் எனக்கு ஒரு குறையும் இல்லை. பிடிப்பில்தான் குறை.

4. கீழே கயிறு இழுக்கும் இஞ்ஞாசி நல்ல மனிதர். இழுக்கும் முன் "அக்கா, ஏத்துதோம்!" என்று குரல் கொடுப்பார். நான் கட்டிலைப் படிவாசல் பக்கம் இழுத்துவிடுவேன். தெருவே கேட்கும்படி என்ன கூப்பாடு என்று போன வாரம் அண்ணாச்சி அதையும் தடுத்துவிட்டார். இப்போது காரை உதிர்ந்து கணவர் முகத்தில் விழுந்த பிறகே எனக்குத் தெரிகிறது. அவரால் பேச முடியாது. கண் மட்டும் அந்த உத்தரத்தை விட்டு அகல்வதில்லை. எனக்குப் பயமாக இருக்கிறது ஐயா.

5. என் தம்பி செல்வதுரை சாயர்புரத்திலிருந்து ரம்பத்தோடு வந்தான். "நம்ம வீட்டுக்குள்ள கெடக்குத கட்டய அறுத்தா எவன் கேப்பான்?" என்றான். கேட்க மாட்டார்கள்தான். ஆனால் அறுத்த உத்தரம் பளு இல்லாதவரை அசையாமல் நிற்கும். முதல் பேல் தொங்கியதும் சாய்ந்து இஞ்ஞாசியின் தலையில்தான் விழும். ரம்பத்தை வாங்கி டிரங்குப் பெட்டியில் வைத்துப் பூட்டினேன்.

6. கப்பியே கூடாது என்று நான் கேட்கவில்லை. பேலை ஏணியில் சுமந்தால் கூலியாட்கள் முதுகு ஒடிந்துவிடும். உத்தரத்தின் இரு முனையும் கிட்டங்கியின் சொந்தச் சுவர்களில் பதியட்டும். இன்ஜினீயர் ஒருவர் பளு தொங்கவிட்டுச் சோதிக்கட்டும். தொங்கும் பேலுக்கு அடியில் யாரும் நிற்க வேண்டாம். அதுவரை ஏற்றுவதை நிறுத்தி உத்தரவிட வேண்டுகிறேன்.

7. தாங்கள் மாடியேறி வந்து, ஒரு பேல் ஏறி முடியும்வரை என் கணவரின் கட்டிலருகே நின்று பார்க்க வேண்டும். நேற்று காரை அவர் கண்ணிலேயே விழுந்தது. நானே பெட்டியைத் திறந்து ரம்பத்தைக் கையில் எடுத்துவிட்டேன். கீழே இஞ்ஞாசி இருமும் சத்தம் கேட்டதால் திரும்ப வைத்தேன். அடுத்த முறை அவர் இருமுவார் என்று சொல்ல முடியாது. சீக்கிரம் வாருங்கள் ஐயா.

தங்கள் வரவைப் பார்த்திருக்கும்,
(ஒப்பம்) ஜே. கிரேசி

இடம்: தூத்துக்குடி
நாள்: 22-11-1974